முப்பது நாள் கெடு

கடன் வழக்கில் ஒருவன்மீது தீர்ப்பாகிவிட்டதென்று கேள்விப்பட்டால், அவன் வாங்கியது உண்மை, திருப்பிக் கொடுக்காததும் உண்மை, ஆகவேதான் கோர்ட்டு அப்படித் தீர்த்தது என்று ஊரார் முடிவு செய்துவிடுகிறார்கள். விசாரித்துத்தானே தீர்ப்புச் சொல்லியிருப்பார்கள் என்பது அவர்களுடைய நம்பிக்கை. அந்த நம்பிக்கை நியாயஸ்தலத்தின்மேல் ஜனங்களுக்குள்ள மரியாதையைக் காட்டுகிறது. ஆனால் அது எப்போதும் உண்மையல்ல. விசாரணையில் தோற்றவர்களும் உண்டு. விசாரணைக்கே போகாமல் தோற்றவர்களும் உண்டு. இரண்டாவது வகையினர் கடனுக்காகத் தோற்கவில்லை. நாளைக் கணக்கிடத் தவறியதற்காகத் தோற்றார்கள். அவர்களைப் பற்றியே இன்று எழுத விரும்புகிறோம். பொதுத் தொண்டில் ஈடுபட்டுள்ள நண்பர்கள் இதை வக்கீல்களின் விவகாரமென்று ஒதுக்கிவிடாமல் பொறுமையுடன் படிக்கவேண்டுமென்று கேட்டுக்கொள்கிறோம்.

சில வருஷங்களுக்கு முன் ஒரு நெசவாளி நம்மிடம் வந்தார். வயது ஐம்பதுக்கு மேலிருக்கும். கையில் ஒரு மஞ்சள் பை. முதல்நாள் அமீனா வந்து, தமுக்கடித்து, வீட்டுக் கதவில் ஒரு காகிதத்தை ஒட்டிவிட்டுப் போனாரென்றும், வீட்டை ஏலம் போடப் போவதாகத் தெருவில் பேசிக்கொள்கிறார்களென்றும் சொன்னார். வழக்கு ஆரம்பித்தபோது வந்த சம்மன் எங்கே என்று கேட்டோம். பையின் அடியிலிருந்து எடுத்துக் கொடுத்தார். நாலாக மடித்திருந்த அந்தக் காகிதத்தின் ஓரத்தில் குங்குமம் படிந்திருந்தது. மருமகள் கையெழுத்துப் போட்டு வாங்கியதாம். சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருந்தாராம்.

கதை நீளமானதல்ல. பாவு நூல் வாங்கவும், மகள் கல்யாணத்தில் நின்றுபோன பாக்கிகளை அடைக்கவும் அவர் 40,000 ரூபாய் கடன் வாங்கினார். எழுதப்படாத புரோநோட்டு ஒன்றில், ரெவின்யூ ஸ்டாம்பின்மேல் கையெழுத்து மட்டும் போட்டுக் கொடுத்தார். மாதம் 1,500 ரூபாய் வீதம் 22 மாதம் தவறாமல் கட்டினார். ஒவ்வொரு தவணையையும் கடன் கொடுத்தவரே தம் கையால் ஒரு சிறு நோட்டில் தேதியிட்டு வரவு எழுதிக் கொடுத்திருந்தார். பிறகு அந்தக் கனவான் புரோநோட்டில் 1,20,000 ரூபாய் என்று பூர்த்தி செய்து கோர்ட்டில் பிராது கொடுத்துவிட்டார்.

சம்மன் வந்த அன்று நெசவாளி வக்கீலிடம் ஓடவில்லை. கடன் கொடுத்தவரிடமே ஓடினார். "அது வெறும் கணக்குக்காகச் செய்தது. கோர்ட்டுக்கெல்லாம் நீர் அலையவேண்டாம். வழக்கம்போல் தவணையைக் கட்டிக்கொண்டு வாரும், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்று அவர் தேறுதல் சொன்னார். நெசவாளி நம்பினார். மேலும் 19 மாதம் தவணை கட்டினார். அதற்கும் நோட்டில் வரவு எழுதப்பட்டது. இதற்கிடையில், கோர்ட்டில் அவருடைய பெயர் கூப்பிடப்பட்டது. பிரதிவாதி ஆஜரில்லை என்று எழுதப்பட்டது. வாதியின் வாக்குமூலமும் புரோநோட்டும் பதிவாயின. கேட்ட தொகை முழுவதற்கும் வட்டியும் செலவும் சேர்த்து டிக்ரி ஆயிற்று. கோர்ட்டு வழக்கில் இதற்கு எக்ஸ்பார்ட்டி டிக்ரி என்று பெயர். ஒரு பக்கத்தை மட்டும் கேட்டுச் சொல்லப்பட்ட தீர்ப்பு என்பது பொருள்.

எல்லாவற்றையும் சொல்லி முடித்துவிட்டு அவர் நம்மை ஒரு கேள்வி கேட்டார். "நான் கட்டினதெல்லாம் அந்த ஜட்ஜுக்குத் தெரியாதா ஐயா?" என்றார். தெரியாதுதான். யார் தெரிவித்தார்கள்? தெரிவிக்கவேண்டியவர் அவர் ஒருவரே. அதற்குச் சட்டம் அவருக்கு அளித்திருந்த கெடு முப்பது நாள்.

நமது சிவில் கோர்ட்டுகள் 1908-ம் வருஷத்துச் சிவில் நடைமுறைச் சட்டத்தின்படி நடக்கின்றன. 1909 ஜனவரி 1-ந் தேதி அமலுக்கு வந்த அந்தச் சட்டம் பலமுறை திருத்தப்பட்டிருக்கிறது. 2002 ஜூலை 1 முதல் அமலிலுள்ள திருத்தத்தின்படி, சம்மன் கிடைத்த பிரதிவாதி 30 நாட்களுக்குள் எழுத்து மூலமாகத் தம் எதிருரையைத் தாக்கல் செய்யவேண்டும். தகுந்த காரணம் காட்டினால், அதை எழுதி வைத்து, சம்மன் கிடைத்த நாளிலிருந்து 90 நாள் வரையில் கோர்ட்டு அவகாசம் கொடுக்கலாம். இந்த 90 நாளும் உடைக்கமுடியாத மதில் அல்லவென்றும், மிக அபூர்வமான சந்தர்ப்பங்களில் அதற்குப் பிறகும் அனுமதிக்கலாமென்றும் 2005-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. ஆனால் அபூர்வத்தை நம்பி எவனும் வீட்டில் உட்கார்ந்திருக்கக்கூடாது.

எதிருரை கொடுக்காவிட்டால் என்ன ஆகும்? பிராதில் சொல்லப்பட்ட ஒரு விஷயத்தைத் திட்டமாக மறுக்காவிட்டால் அதை ஒப்புக்கொண்டதாகவே கொள்ளலாம் என்பது சட்டத்தின் விதி. நம் ஊரில் கோபத்தினால் பேசாமலிருப்பதுண்டு, பயத்தினாலும் உண்டு, பெரிய மனிதருக்கு மரியாதையாகவும் உண்டு. கோர்ட்டில் மௌனத்துக்கு ஒரே அர்த்தந்தான்: சம்மதம்.

புரோநோட்டு விஷயத்தில் இந்த மௌனத்தின் விலை இன்னும் அதிகம். 1881-ம் வருஷத்துச் செலாவணிப் பத்திரச் சட்டத்தின்படி, ஸ்டாம்பு ஒட்டிய வெற்றுத் தாளில் கையெழுத்திட்டுக் கொடுப்பவன், அதைப் பூர்த்தி செய்துகொள்ளும் அதிகாரத்தையும் சேர்த்தே கொடுத்தவனாக முதல் நோக்கில் கருதப்படுகிறான். அதில் கண்ட தொகைக்குக் கைம்மாறு பெற்றான் என்ற அனுமானமும் அவனுக்கு எதிராகவே எழுகிறது. இந்த அனுமானங்களை உடைக்க வழியுண்டு. ஆனால் உடைக்கும் பாரம் கடன் பட்டவனுடையது. ஆஜராகாதவன் எதைக் கொண்டு உடைப்பான்? பிரதிவாதி வராத காரணத்தினால் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு டிக்ரி கொடுக்கலாகாதென்று 1999-ல் சுப்ரீம் கோர்ட்டு கீழ்க்கோர்ட்டுகளுக்கு எச்சரித்திருப்பது வாஸ்தவம். எனினும் ஜட்ஜின் கண்முன் இருப்பது ஒரு தாள், ஒரு கையெழுத்து, ஒரு சத்தியம். நெசவாளியின் பையிலிருந்த வரவு நோட்டு அவர் கண்முன் இல்லை.

முப்பது நாளைவிடக் குறுகிய கெடுவும் இருக்கிறது. புரோநோட்டு, உண்டி, எழுத்து மூலமான ஒப்பந்தம் ஆகியவற்றின்மீது சுருக்க விசாரணை முறையில் வழக்குப் போட வாதிக்கு வசதியுண்டு. அவ்வித வழக்கில் சம்மன் கிடைத்த 10 நாட்களுக்குள் பிரதிவாதி நேரிலோ வக்கீல் மூலமாகவோ தம் வருகையைப் பதிவு செய்யவேண்டும். பின்பு தீர்ப்புக் கோரும் சம்மன் ஒன்று வரும். அது கிடைத்த 10 நாட்களுக்குள், வழக்காட அனுமதி தரவேண்டுமென்று பிரமாணப் பத்திரத்துடன் மனுச் செய்யவேண்டும். வழக்காடுவதற்கே அங்கே அனுமதி கேட்கவேண்டியிருக்கிறது! வியாபார சம்பந்தமான 3 லட்சம் ரூபாய்க்குக் குறையாத வழக்குகள் 2015-ம் வருஷத்து வணிகக் கோர்ட்டுகள் சட்டத்தின்கீழ் வரக்கூடும். அவற்றில் 120 நாள் கடந்துவிட்டால் எதிருரை கொடுக்கும் உரிமையே போய்விடும். அங்கே தயவுக்கு இடமில்லையென்று 2019-ல் சுப்ரீம் கோர்ட்டு தெளிவாகச் சொல்லிவிட்டது. ஆகவே சம்மன் கைக்கு வந்தவுடன் பார்க்கவேண்டியது தொகையையல்ல. அது எந்த விதமான வழக்கு, எத்தனை நாள் கெடு என்பதையே.

இந்தத் துன்பம் புதியதன்று. 1875 மே மாதத்தில் பூனா ஜில்லாவிலுள்ள சூபா என்னும் ஊரில் குடியானவர்கள் திரண்டு லேவாதேவிக்காரர்களின் கடைகளைத் தாக்கினார்கள். கலகம் அகமத்நகர் ஜில்லாவுக்கும் பரவியது. அவர்கள் முக்கியமாகத் தேடியது நெல்லையோ பணத்தையோ அல்ல. கடன் பத்திரங்களையும் கணக்குப் புத்தகங்களையுந்தான். கிடைத்தவற்றை நடுத்தெருவில் கொளுத்தினார்கள். எழுதப் படிக்கத் தெரியாத மனிதனுக்குக் கோர்ட்டுக் காகிதம் எவ்வளவு பயங்கரமான ஆயுதமாகத் தோன்றியது என்பதற்கு அந்த நெருப்பே சாட்சி. அதன் பயனாக வந்த 1879-ம் வருஷத்துத் தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம் ஒரு நல்ல காரியம் செய்தது. பத்திரத்தில் எழுதியிருக்கும் தொகையோடு நின்றுவிடாமல், கொடுக்கல் வாங்கல் ஆரம்பித்த நாளிலிருந்து கணக்கைத் துருவிப் பார்க்கும் கடமையை ஜட்ஜின்மேல் சுமத்தியது. நமது ராஜ்யத்திலும், 1938-ல் ராஜாஜி மந்திரிசபை கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், டிக்ரி ஆகிவிட்ட கடனைக்கூடக் குறைக்க இடம் கொடுத்தது. ஆனால் கவனியுங்கள்: அந்த நிவாரணத்தைப் பெறுவதற்கும் கடன் பட்டவன் கோர்ட்டில் மனுச் செய்யவேண்டியிருந்தது. எவ்வளவு கருணையுள்ள சட்டமானாலும் அது வீட்டைத் தேடி வருவதில்லை.

அப்படியானால் கெடு என்பதே அநியாயமா என்று சிலர் கேட்கலாம். நாம் அவ்விதம் கருதவில்லை. கடன் கொடுத்தவர்களெல்லாரும் கொடியவர்களல்லர். ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் தமக்குக் கிடைத்த பணத்தைச் சிநேகிதருக்குக் கொடுத்துவிட்டு நிற்கிறார். விதவை ஒருத்தி நகையை விற்று உறவினருக்குக் கொடுத்துவிட்டுத் திண்டாடுகிறாள். பிரதிவாதி வாய்தாவுக்குமேல் வாய்தா வாங்கிப் பத்து வருஷம் இழுத்தடித்தால் அவர்களுக்கு நியாயம் எங்கே? இந்த இழுத்தடிப்பைத் தடுக்கவே கெடு இறுக்கப்பட்டது. அதன் நோக்கத்தில் குற்றமில்லை. ஆனால் ஒரு பக்கத்தில் நாள்தோறும் கோர்ட்டு வாசலை மிதிப்பவனும், மறு பக்கத்தில் கோர்ட்டு எந்தத் திசையிலிருக்கிறதென்று அறியாதவனும் நிற்கும்போது, ஒரே முப்பது நாள் இருவருக்கும் ஒரே அளவாக இருப்பதில்லை. முதல்வனுக்கு அது ஒரு மாதம். இரண்டாமவனுக்குச் சம்மன் என்றால் என்னவென்று விசாரிப்பதிலேயே பாதி போய்விடுகிறது. குறை கெடுவில் இல்லை. கெடுவைப் பற்றி அவனுக்குச் சொல்ல ஆளில்லாமையில் இருக்கிறது.

நாள் தவறிவிட்டால் எல்லாக் கதவுகளும் அடைபட்டுவிட்டனவென்று நினைத்து நொந்துபோகவும் வேண்டாம். சட்டம் சில கதவுகளைத் திறந்தே வைத்திருக்கிறது. ஆனால் ஒவ்வொன்றுக்கும் ஒரு கெடு உண்டு. பிரதிவாதி வராமல் வழக்கு ஒருபக்க விசாரணைக்குப் போய், இன்னும் தீர்ப்பாகாமலிருந்தால், அடுத்த வாய்தாவிலேயே ஆஜராகித் தகுந்த காரணம் காட்டலாம். கோர்ட்டு ஒப்புக்கொண்டால் முதலிலிருந்தே ஆஜரானவராகக் கருதப்படுவார். காரணம் ஏற்கப்படாவிட்டாலும், அந்தக் கட்டத்திலிருந்து நடவடிக்கையில் கலந்துகொள்ளும் உரிமை போய்விடுவதில்லை. 1955-ல் சுப்ரீம் கோர்ட்டு நீதிபதி விவியன் போஸ் இதை விளக்கும்போது, நடைமுறைச் சட்டம் நியாயத்துக்குத் துணை செய்ய ஏற்பட்டதேயன்றி, மனிதர்களைக் காலிடறி விழச் செய்ய ஏற்பட்டதல்லவென்ற கருத்தை அழகாக எடுத்துரைத்திருக்கிறார். அவ்வார்த்தைகளை ஒவ்வொரு முன்சீப்பும் மனத்தில் வைத்திருத்தல் நலம்.

தீர்ப்பே ஆகிவிட்டாலோ, சம்மன் முறைப்படி சார்வாகவில்லை என்றாவது, வரமுடியாதபடி தகுந்த காரணம் தடுத்ததென்றாவது காட்டி, டிக்ரியை ரத்து செய்யும்படி மனுச் செய்யலாம். இதற்குக் கெடு டிக்ரி தேதியிலிருந்து 30 நாள். சம்மன் முறைப்படி சார்வாகாதிருந்தால் டிக்ரியைப் பற்றி அறிந்த நாளிலிருந்து 30 நாள். அதுவும் கடந்திருந்தால், தாமதத்துக்குக் காரணம் சொல்லி மன்னிக்கும்படி வேறொரு மனுவும் சேர்த்துப் போடவேண்டும். இங்கே நாள்களின் எண்ணிக்கையைவிடக் காரணத்தின் நேர்மையே முக்கியம். நமது ராஜ்யத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் 883 நாள் தாமதத்தைச் சுப்ரீம் கோர்ட்டு 1998-ல் மன்னித்தது. நாள் எத்தனை என்பதல்ல, சொல்லும் சமாதானம் நம்பத்தக்கதா என்பதே கேள்வி என்றது. இதற்கெதிராக, சில நாள் தாமதம்கூடப் பொய்யான காரணத்தினால் மன்னிக்கப்படாமற் போவதுண்டு. இல்லாத காய்ச்சலுக்கு டாக்டர் சர்ட்டிபிகேட் வாங்குவோர் இதை நினைவில் வைக்கவேண்டும். அன்றியும், ஒருபக்கத் தீர்ப்பின்மீது மேல்கோர்ட்டில் அப்பீல் செய்யவும் உரிமையுண்டு. ஜில்லாக் கோர்ட்டுக்கு 30 நாள், ஹைகோர்ட்டுக்கு 90 நாள் என்பது கெடு.

நமது நெசவாளியின் விஷயத்தில் சம்மன் சரியாகவே சார்வாகியிருந்தது. குடும்பத்தில் வயது வந்தவர் யார் வாங்கினாலும், ஆணானாலும் பெண்ணானாலும், அது சார்வானதுதான். எனவே தாமதம் ஒரு வருஷத்துக்கு மேலாகியிருந்தது. அவரைக் காப்பாற்றியது அந்தச் சிறு நோட்டே. வழக்குப் போட்ட பிறகும், டிக்ரி ஆன பிறகுங்கூட வாதி தம் கையால் எழுதிய வரவுகள் அதில் தேதியுடன் இருந்தன. கோர்ட்டுக்குப் போகவேண்டாமென்று சொல்லப்பட்டதை நம்பினார் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி வேண்டியதில்லை. முன்சீப் தாமதத்தை மன்னித்து டிக்ரியை ரத்து செய்தார்; ஆனால் 60,000 ரூபாயைக் கோர்ட்டில் கட்டவேண்டுமென்று நிபந்தனை விதித்தார். அவ்வித நிபந்தனை விதிக்கச் சட்டத்தில் இடமுண்டு. நெசவாளி மனைவியின் சங்கிலியையும் தோட்டையும் அடகு வைத்துப் பணம் கட்டினார். வழக்கு மறுபடி எடுக்கப்பட்டபோது வாதியே சமரசத்துக்கு வந்தார். பாக்கி ஏதுமில்லையென்று முடிந்தது. கட்டிய பணமும் திரும்பியது. ஆனால் அடகுக்கடைக்குக் கட்டிய வட்டி திரும்பவில்லை. முதல் முப்பது நாளில் வந்திருந்தால் ஒரு பைசாவும் கோர்ட்டில் கட்டாமலே அவர் தம் நியாயத்தைச் சொல்லியிருக்கலாம். ஒரு கடனை எதிர்ப்பதற்காக இன்னொரு கடன் பட நேர்ந்தது. நாள் தவறியதற்கு அவர் செலுத்திய அபராதம் இதுவே.

அவருக்கிருந்த மற்றோர் ஆபத்தையும் சொல்லவேண்டும். டிக்ரிக்குப் பிறகு கோர்ட்டுக்கு வெளியே கட்டும் பணத்தை, முறைப்படி கோர்ட்டில் பதிவு செய்யாவிட்டால், டிக்ரியை நிறைவேற்றும் கோர்ட்டு ஏற்றுக்கொள்ளாது. பதிவு செய்யும்படி கடனாளி மனுச் செய்வதற்கும் பணம் கட்டிய நாளிலிருந்து 30 நாளே கெடு. ஆகவே டிக்ரி ரத்தாகாமலிருந்திருந்தால், அதன் பிறகு அவர் கட்டிய தவணைகளெல்லாம் ஆற்றில் கரைத்த புளியாகியிருக்கும். கைத்தொழிலாளியின் கருவிகளை ஜப்தி செய்யலாகாதென்று சட்டம் சொல்லுகிறது. எனவே தறிக்குப் பாதுகாப்பு உண்டு. தறி நிற்கும் வீட்டுக்கு இல்லை. டிக்ரியோ 12 வருஷம் வரையில் உயிரோடிருக்கும்.

மௌனத்தினால் இழக்கும் எதிர்வாதங்கள் எத்தனை! புரோநோட்டுக் கடனுக்கு மூன்று வருஷத்துக்குள் வழக்குப் போடவேண்டும். அது கடந்துவிட்டால், பிரதிவாதி கேட்காவிட்டாலும் கோர்ட்டே வழக்கைத் தள்ளவேண்டும். ஆனால் புரோநோட்டின் பின்புறத்தில் நூறு ரூபாய் வரவு என்று எழுதி, கீழே ஒரு கையெழுத்தும் இருந்துவிட்டால் காலம் புதிதாக ஓடத் தொடங்கும். அந்தக் கையெழுத்து தன்னுடையதல்லவென்று சொல்லக்கூடியவன் உலகத்திலேயே ஒருவன்தான். அவன் வீட்டில் உட்கார்ந்திருக்கிறான். கந்து வட்டி, மீட்டர் வட்டி, தண்டல் முதலிய கொடிய வட்டி முறைகளை நமது ராஜ்யத்தில் 2003-ம் வருஷத்துச் சட்டம் குற்றமாக்கியிருக்கிறது. நோட்டில் எழுதிய தொகை இவ்வித வட்டியைச் சேர்த்துப் போட்டதென்று ஜட்ஜுக்கு யார் சொல்வது? வாதி சொல்லமாட்டார்.

இவ்விஷயத்தில் பத்திரிகைத் தொழிலிலுள்ள நாமும் குற்றமற்றவர்களல்ல. பிரதிவாதி அகப்படாதபோது, அவர் கடைசியாக வசித்த பிரதேசத்தில் பரவியுள்ள தினசரியில் விளம்பரம் செய்து சம்மனைச் சார்வு செய்யச் சட்டம் அனுமதிக்கிறது. அப்படிப்பட்ட கோர்ட்டு விளம்பரங்களை நாமும் பிரசுரிக்கிறோம். அதற்குக் கூலியும் பெறுகிறோம். எறும்பு ஊர்வது போன்ற சின்ன எழுத்தில், சினிமா விளம்பரத்துக்கும் சித்த வைத்திய விளம்பரத்துக்கும் நடுவில் அவை கிடக்கின்றன. சம்பந்தப்பட்டவர் அதைப் படித்திருப்பார் என்று எண்ணுவது எவ்வளவு தூரம் நிஜம் என்பது, அச்சுக்கோக்கும் நமக்குத் தெரியாததல்ல. சட்டமும் இதை ஓரளவு அறிந்தே இருக்கிறது: டிக்ரியை ரத்து செய்யக் கெடுவைக் கணக்கிடும்போது, இவ்வித விளம்பரச் சார்வை முறையான சார்வாகக் கொள்ளலாகாதென்று காலவரையறைச் சட்டம் சொல்லுகிறது. ஆகவே விளம்பரத்தைப் பார்க்காமற் போனவர், டிக்ரியைப் பற்றி அறிந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் வரலாம். எனினும், பத்திரிகை படிக்கும் நண்பர்கள் அந்தச் சின்ன எழுத்திலும் ஒரு நிமிஷம் கண்ணோட்டி, தெரிந்த பெயர் இருந்தால் அவருக்குச் சொல்லியனுப்புவது பெரிய தர்மமாகும்.

இனி, செய்யவேண்டியது என்ன? தேர்தல் காலத்தில் வாக்காளர் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு வீடு வீடாக ஏறி இறங்குகிறோம். அந்த ஊக்கத்தில் நூற்றில் ஒரு பங்கு போதும். ஒவ்வொரு படிப்பகத்திலும், ஒவ்வொரு கட்சிக் காரியாலயத்திலும், கோர்ட்டுக் காகிதத்தைப் படித்துச் சொல்ல ஒருவர் இருக்கட்டும். அவர் வக்கீலாயிருக்கவேண்டியதில்லை. எந்தக் கோர்ட்டு, என்ன நம்பர், எந்தத் தேதி ஆஜராகவேண்டும், எத்தனை நாளுக்குள் எதிருரை என்ற நான்கையும் எழுதிக் கொடுத்தால் போதும். சம்மன் வாங்கிய நாளை விட்டுவிட்டு மறுநாளிலிருந்து எண்ணவேண்டும். கடைசி நாள் கோர்ட்டு விடுமுறையானால் திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம். ஆனால் கடைசி நாளுக்காகக் காத்திருப்பவன் நெருப்போடு விளையாடுகிறான்.

சம்மனை வாங்கமாட்டேன் என்று மறுப்பதில் ஒரு பயனுமில்லையென்று ஊராருக்குச் சொல்லுங்கள். மறுத்தால் கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள். தபாலில் வந்ததைத் திருப்பியனுப்பினால் வாங்கியதாகவே கோர்ட்டு கொள்ளும். கடன் கொடுத்தவர் சமரசம் பேசினால் பேசட்டும்; சமரசம் நல்லதே. ஆனால் அது கோர்ட்டில் பதிவாகும் வரையில் வாய்தாவுக்குப் போவதை நிறுத்தவேண்டாம். வாய்ச் சொல்லை நம்பி வீட்டில் இருந்துவிடாதீர்கள். வக்கீலிடம் வக்காலத்தில் கையெழுத்துப் போட்டதோடு பொறுப்புத் தீர்ந்ததென்றும் நினைக்கவேண்டாம். அடுத்த வாய்தா தேதியைக் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இக்காலத்தில் வழக்கின் பதினாறு எழுத்து அடையாள நம்பரைக் கொண்டு, கைப்பேசியிலேயே இ-கோர்ட்ஸ் மூலம் நிலைமையைப் பார்த்துக்கொள்ளலாம். அதைப் பார்த்துச் சொல்ல ஊரில் ஒரு மாணவன் இருந்தால் போதும்.

வக்கீலுக்குப் பணமில்லையென்று பின்வாங்கவும் வேண்டாம். 1987-ம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டத்தின்படி, ஸ்திரீகள், தாழ்த்தப்பட்ட வகுப்பினர், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர், அங்கவீனர், குறைந்த வருமானமுள்ளவர்கள் முதலியோருக்கு இலவச வக்கீல் உதவி உரிமையாகவே உண்டு, தர்மமாக அல்ல. தாலுகா கோர்ட்டிலேயே அதற்கான குழு இருக்கிறது. 15100 என்ற நம்பருக்குத் தொலைபேசியிலும் கேட்கலாம். இதை அறிந்தவர்கள் அறியாதவர்களுக்குச் சொல்லாமலிருப்பது, நோய்க்கு மருந்தை வைத்துக்கொண்டு மறைப்பதற்குச் சமானம்.

வாங்கிய கடனைக் கொடுக்காமலிருக்க வழி சொல்லிக் கொடுக்கிறோமென்று யாரும் எண்ணவேண்டாம். பட்ட கடனைத் தீர்ப்பது நமது முன்னோர் உயிரைப்போல் காத்த மானம். பட்டதைக் கொடுக்கட்டும், படாததைக் கொடுக்கவேண்டாம். எது பட்டது, எது படாதது என்பதை நிர்ணயிக்கத்தான் கோர்ட்டு இருக்கிறது. அந்த நிர்ணயத்துக்கு இரண்டு குரல் வேண்டும். ஒரு குரலை மட்டும் கேட்டு நியாயம் சொல்ல எந்த ஜட்ஜாலும் முடியாது.

நெசவாளி அந்தச் சம்மனைச் சாமி படத்துக்குப் பின்னால் வைத்ததைக் கேட்டு நம் ஆபீஸில் ஒருவர் சிரித்துவிட்டார். நமக்குச் சிரிப்பு வரவில்லை. படிக்கத் தெரியாத காகிதத்தை, பயத்தோடு வந்த காகிதத்தை, வேறெங்கே கொண்டுபோய் வைப்பார் அவர்? ஊரில் அதைப் படித்துச் சொல்ல ஒருவர் இருந்திருந்தால், சாமியிடம் போவதற்கு முன் அவரிடம் போயிருப்பார். அந்த ஒருவராக நீங்கள் இருக்கவேண்டும்.